திடலில் விரித்த திரையும் கையில் ஏந்திய திரையும்

(நமது அறநிலையத்தின் ஆண்டு விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



"கைத்தொலைபேசியும் நம் மக்களின் பொழுதுபோக்கும்" என்ற தலைப்பில் பேச வேண்டும் என்று விழாக் குழுவினர் கேட்டபோது நான் சற்றுத் தயங்கினேன். இந்தக் கருவியைப் பற்றி என்னைவிட என் பேரனுக்கு அதிகம் தெரியும். ஆனாலும் இது வருவதற்கு முன்னர் நெகிரி செம்பிலான் தோட்டங்களில் நம் மக்கள் எப்படிப் பொழுதைக் கழித்தார்கள் என்பதை நான் கண்ணால் கண்டவன். கண்டதைச் சொல்லலாம் என்ற தைரியத்தில்தான் இங்கே நிற்கிறேன்.

திடலில் ஒரு வெள்ளைத் துணி

நான் பிறந்து வளர்ந்தது ரந்தாவுக்கும் லிங்கிக்கும் இடைப்பட்ட ஒரு ரப்பர் தோட்டத்தில். அப்பா, அம்மா இருவருமே பால்வெட்டுத் தொழிலாளர்கள். சம்பளம் போட்ட வாரத்தில் தோட்டத்துத் திடலில் படம் காட்டுவார்கள். மாலை ஐந்து மணிக்கே படக்கார வேன் வந்துவிடும். பிள்ளைகளாகிய நாங்கள் அதன் பின்னால் லயத்திலிருந்து திடல்வரை ஓடுவோம். இரண்டு கம்பங்களை நட்டு, நடுவே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டுவார்கள். பாய், கோணிச்சாக்கு, மணைக்கட்டை என்று ஆளுக்கொன்றைக் கொண்டுபோய் இடம் பிடிப்போம். கச்சாங் பூத்தேக்காரர் தன் சைக்கிளை ஓர் ஓரமாக நிறுத்தி, காகிதத்தைக் கூம்பாகச் சுருட்டி விற்பார்.

முன்னால் இடம் கிடைக்காதவர்கள் திரைக்குப் பின்னால் உட்கார்ந்து பார்ப்பார்கள். அவர்களுக்கு எம்.ஜி.ஆர். இடக்கையால் வாள் வீசுவார். 1958-இல் வெளிவந்த 'நாடோடி மன்னன்' எங்கள் திடலுக்கு வந்தது பல ஆண்டுகள் கழித்துத்தான். அதை நான் பின்பக்கத்திலிருந்துதான் பார்த்தேன். ஏ.பி. நாகராஜன் 1965-இல் எடுத்த 'திருவிளையாடல்' காட்டிய இரவில், சிவபெருமான் தோன்றும்போது திரைக்கு முன்னால் கற்பூரம் ஏற்ற வேண்டும் என்று என் பாட்டி பிடிவாதம் பிடித்தார். துணி தீப்பிடித்துவிடும் என்று கங்காணி சொல்லியும் கேட்கவில்லை. கடைசியில் திடலின் ஓரத்தில் ஏற்றிவிட்டு வந்து உட்கார்ந்தார்.

ரீல் மாற்றுவதற்குச் சில நிமிடம் ஆகும். அந்த இடைவேளையில்தான் ஊர் விஷயம் எல்லாம் பேசப்படும். என் அக்காளைப் பெண் கேட்டதே அப்படி ஓர் இடைவேளையில்தான். தகவல் இலாகாவின் வேனும் வரும். 1946-இல் தொடங்கப்பட்ட மலாயாத் திரைப்படப் பிரிவு எடுத்த செய்திப் படங்களையும் அரசாங்க அறிவிப்புப் படங்களையும் காட்டிவிட்டுப் போவார்கள். அதையும் விடாமல் பார்ப்போம். முந்நூறு பேர் ஒரே இடத்தில் சிரித்ததும், ஒரே இடத்தில் மூக்கைச் சிந்தியதும் என் காதில் இன்னும் இருக்கிறது.

வானொலியில் வந்த பெயர்

வானொலி அதற்கும் முந்தியது. 1946 ஏப்ரலில் ரேடியோ மலாயா தொடங்கியது. அன்று தொடங்கிய அரசாங்க வானொலியின் தமிழ்ப் பிரிவைத்தான் இன்று மின்னல் எப்.எம். என்று கேட்கிறோம். எங்கள் வரிசை லயத்தில் முதலில் இரண்டே இரண்டு வீடுகளில்தான் வானொலிப் பெட்டி இருந்தது. நாடகம் ஒலிபரப்பாகும் இரவில் அந்த இரண்டு வீட்டு வாசலிலும் நிற்க இடமிருக்காது. நேயர் விருப்பத்தில் பாட்டுக் கேட்டு அஞ்சல் அட்டை எழுதிப் போட்டுவிட்டு வாரக்கணக்கில் காத்திருப்போம். ஒரு நாள் எங்கள் தோட்டத்தின் பெயரையும் என் அம்மாவின் பெயரையும் அறிவிப்பாளர் வாசித்துவிட்டார். மறுநாள் விடியற்காலைப் பெரட்டில் எல்லாரும் அம்மாவைக் கேலி செய்தார்கள். அம்மா அந்த வாரம் முழுவதும் தலை நிமிர்ந்தே நடந்தார்.

பத்திரிகையும் அப்படித்தான். 1924-இல் தொடங்கிய 'தமிழ் நேசன்' எங்கள் தோட்டத்திற்கு மிகச் சில பிரதிகளே வரும். ஒரு பிரதியைப் பத்து வீட்டார் படிப்பார்கள். படிக்கத் தெரியாதவர்களுக்கு ஒருவர் உரக்க வாசித்துக் காட்டுவார். அந்தப் பத்திரிகை 2019 ஜனவரி மாதத்தோடு நின்றுபோனது.

சுருங்கி வந்த கூட்டம்

இந்த நாட்டில் தொலைக்காட்சி 1963 டிசம்பர் 28-ஆம் நாள் தொடங்கியது. எங்கள் தோட்டத்திற்கு அது வந்து சேர எழுபதுகள் ஆயின. லயங்களுக்கு முழுநேர மின்சாரம் கிடையாது. கார் பேட்டரியில் கறுப்பு வெள்ளைப் பெட்டியை ஓட்டுவோம். பேட்டரி இறங்க இறங்கப் படம் நான்கு பக்கமும் சுருங்கிக்கொண்டே வரும். கதாநாயகன் கடைசிச் சண்டையைத் தீப்பெட்டி அளவில் போடுவான். அப்போதும் ஜன்னலுக்கு வெளியே இருபது தலைகள் இருக்கும்.

எண்பதுகளில் வீடியோ வந்தது. கோயில் திருவிழாவிலும் கல்யாண வீட்டிலும் வாடகைக்கு எடுத்து வந்து விடிய விடிய மூன்று படம் போடுவார்கள். திடலில் படம் காட்டுவது அதோடு குறைந்து, பிறகு நின்றேபோனது. 1996-இல் அஸ்ட்ரோ வந்தது. வானவில் அலைவரிசையில் நாள் முழுவதும் தமிழ் என்பது எங்களுக்கு நம்ப முடியாத பாக்கியமாக இருந்தது. ஆனால் பக்கத்து வீட்டுக்காரர் வந்து உட்காருவதும் குறைந்தது. திடலில் முந்நூறு பேர், வாசலில் இருபது பேர், கூடத்தில் ஐந்து பேர் என்று வந்த கணக்கு, கைத்தொலைபேசியில் ஒரே ஆளில் வந்து நின்றிருக்கிறது. கைத்தொலைபேசி ஒரு நாளில் நம்மைப் பிரித்துவிட்டது என்று யாராவது சொன்னால் நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். பிரிவு நெடுநாளாக நடந்துகொண்டிருந்தது. இது அதன் கடைசிப் படி.

கையில் வந்த திரை

2007-இல் ஐபோன் வெளியானது. தொடர்ந்து விலை குறைந்த ஆண்ட்ராய்டு கருவிகள் வந்தன. தோட்டத்துப் பிள்ளைகள் கையில் இவை பரவலாக வந்தது அதற்கும் ஐந்தாறு ஆண்டுகள் கழித்துத்தான். அப்போதும் அலை கிடைக்காது. எனக்குத் தெரிந்த ஒரு செம்பனைத் தோட்டத்தில் தண்ணீர்த் தொட்டி இருக்கும் மேட்டில்தான் இளைஞர்கள் இரவில் கூடுவார்கள். தூரத்திலிருந்து பார்த்தால் மின்மினிப் பூச்சிக் கூட்டம் போல இருக்கும்.

இந்த இடத்தில் ஒரு பெருமையைச் சொல்லாமல் போகக் கூடாது. கைத்தொலைபேசியில் தமிழ் எழுத முடியாமல் நம் பிள்ளைகள் ரோமன் எழுத்தில் தட்டிக்கொண்டிருந்த காலத்தில், 2005-ஆம் ஆண்டுப் பொங்கலின்போது சிங்கப்பூரில் 'செல்லினம்' அறிமுகம் கண்டது. அதை உருவாக்கியவர் நம் நாட்டைச் சேர்ந்த முத்து நெடுமாறன். 'மலேசியத் தமிழ்க் கவிதைக் களஞ்சியம்' தொகுத்த கவிஞர் முரசு நெடுமாறனின் மகன். தந்தை நம் கவிஞர்களின் பாடல்களைத் தேடித் தேடித் தொகுத்தார். மகன் தமிழைக் கைத்தொலைபேசிக்குள் கொண்டுவந்தார். அந்தத் தந்தை, மகன் இருவரையும் இன்றைய என் பேச்சின் முடிவில் மீண்டும் நினைவுகூர்வேன்.

கிடைத்தவை

கைத்தொலைபேசியால் நமக்கு நன்மை ஒன்றும் இல்லை என்று சொல்வது நன்றி மறப்பதாகும்.

தோட்டங்கள் துண்டாடப்பட்டு விற்கப்பட்டபோது நம் மக்கள் சிதறிப்போனார்கள். நீலாய், சிரம்பான் 2, ஸ்ரீ செண்டாயான் என்று புதிய நகர்ப்பகுதிகள் எழுந்தன. அடுத்தடுத்த கதவில் இருந்தவர்கள் ஆளுக்கொரு திக்கில் போய்விட்டார்கள். எங்கள் தோட்டத்து லயம் இடிக்கப்பட்டு ஆண்டுகள் பல ஆகின்றன. இன்று அந்த லயம் ஒரு வாட்ஸ்அப் குழுவில்தான் இருக்கிறது. யார் வீட்டில் கல்யாணம், யார் வீட்டில் இழவு என்பது அதில்தான் தெரிகிறது.

2020 மார்ச் 18-இல் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை வந்தபோது கோயில் கதவுகள் மூடப்பட்டன. மறு ஆண்டு பத்துமலைத் தைப்பூசத்தைப் பக்தர்களின் பெருங்கூட்டம் இல்லாமலேயே நடத்த வேண்டியிருந்தது. நாம் எல்லாரும் கையில் இருந்த சிறு திரையில்தான் முருகனைத் தரிசித்தோம். படுக்கையில் கிடந்த எத்தனையோ பெரியவர்களுக்கு அது போதுமானதாக இருந்தது.

கலைஞர்களுக்கும் வாசல் திறந்தது. முன்பெல்லாம் பாட வேண்டுமானால் வானொலி நிலையத்தில் குரல் தேர்வு, நடிக்க வேண்டுமானால் தலைநகரில் யாரையாவது தெரிந்திருக்க வேண்டும். இன்று அப்படியில்லை. தமிழ்நாட்டில் புதுக்கோட்டை மாவட்டத்துச் சின்னவீரமங்கலம் என்ற சிற்றூரில், வயல் வெளியில் சமைத்துக் காட்டும் ஒரு குடும்பத்தாரின் 'வில்லேஜ் குக்கிங் சேனல்' 2021-இல் ஒரு கோடிச் சந்தாதாரர்களை எட்டியது. இங்கே 2020-இல் பேராக், சுங்கை சிப்புட்டைச் சேர்ந்த சுகு, பவித்ரா தம்பதியர் சமையலைச் சரளமான மலாய் மொழியில் விளக்கி நாடெங்கும் அறியப்பட்டார்கள்.

நம் உருமி மேளத்தைப் பாருங்கள். தோட்டத்துக் கோயில்களில் வளர்ந்த கலை அது. இன்று நம் இளைஞர் குழுக்கள் அடிக்கும் உருமி யூடியூபில் கடல் கடந்து கேட்கப்படுகிறது. கண்டிக்க வேண்டிய வார்த்தைகள் சில பாட்டுகளில் உண்டு. அதைத் தனியே பேசலாம். ஆனால் இருபது வயதுப் பிள்ளைகள் தாங்களே மேளம் கட்டி, தாங்களே பாட்டெழுதி, தாங்களே பதிவு செய்கிறார்கள் என்பது சிறிய காரியமில்லை.

நழுவியவை

மூன்று மணி நேரப் படத்தைக் கொசுக்கடியோடு பார்த்தவர்கள் நாங்கள். இன்று கால் நிமிடப் படத்தை முடியும் முன்பே தள்ளிவிடுகிறது விரல். 2020 மே மாதம் 'பொன்மகள் வந்தாள்' திரையரங்குக்கு வராமல் நேரே இணையத்தில் வெளியானது. அதன் பிறகு புதுப் படம் என்பதே அவரவர் அறைக்குள் அவரவர் பார்ப்பது என்றாகிவிட்டது. ஒரே வீட்டில் நான்கு பேர் நான்கு காதுக்கருவியோடு நான்கு படம் பார்க்கிறார்கள். ஒருவர் சிரித்தால் மற்றவர் ஏன் என்று கேட்பதில்லை.

சூதாட்டமும் மோசடியும் அதே கண்ணாடி வழியாகத்தான் வீட்டுக்குள் வருகின்றன. சம்பளப் பணத்தை ஓர் இரவில் இழந்த குடும்பங்களை இந்த அறநிலையத்தின் உதவிப் பிரிவு அறியும். 2024 டிசம்பரில் நம் நாடாளுமன்றம் இணையப் பாதுகாப்புச் சட்டத்தை நிறைவேற்றியது. சட்டம் தன் வேலையைச் செய்யட்டும். பிள்ளையின் பக்கத்தில் உட்கார்ந்து "என்னப்பா பார்க்கிறாய்?" என்று கேட்கும் வேலை நம்முடையது.

என் அம்மாவின் ஒப்பாரி

பெரியோர்களே, இனி நான் சொல்லப்போவது என் சொந்தத் தவறு.

என் அம்மா ஒப்பாரி பாடுவதில் பேர் பெற்றவர். தோட்டத்தில் யார் இறந்தாலும் அம்மாவுக்குத்தான் முதலில் ஆள் வரும். பால் வெட்டி முடித்த கையோடு, மங்கைக் கழுவி வைத்துவிட்டுப் போவார். இறந்தவர் எந்த ஊரிலிருந்து கப்பலேறி வந்தார், எந்த நிரையில் மரம் வெட்டினார், பிள்ளைகளை எப்படி வளர்த்தார் என்பதெல்லாம் பாட்டில் வந்துவிடும். யாரும் எழுதி வைத்ததில்லை. அழ அழச் சொற்கள் தாமாக வரும்.

அம்மா 2018-இல் காலமானார். தோட்டத்தை விட்டு வந்து நாங்கள் சிரம்பானுக்கு அருகே ஒரு வீடமைப்புப் பகுதியில் இருந்தோம். ஊரெல்லாம் போய்ப் பாடியவருக்குப் பாட அன்றைக்கு ஒருவரும் இல்லை. அவருடைய தோழிகளில் பலர் முன்பே போய்விட்டார்கள். இருந்தவர்களால் பயணம் செய்ய முடியவில்லை. வீடு அமைதியாக இருப்பது நன்றாக இல்லையே என்று உறவுக்காரப் பையன் ஒருவன், நல்ல எண்ணத்தோடுதான், கைத்தொலைபேசியில் யூடியூப் ஒப்பாரி ஒன்றைத் தேடி, ஒலிபெருக்கிப் பெட்டியில் இணைத்துப் போட்டான். யாரோ, யாருடைய தாய்க்கோ பாடியது. நன்றாகத்தான் இருந்தது. பெண்கள் அழத் தொடங்கினார்கள். திடீரென்று பாட்டு நின்று, சலவைத் தூள் விளம்பரம் உரத்த குரலில் ஆரம்பித்தது. கறை போகும், மணம் வீசும் என்று என் தாயின் தலைமாட்டில் ஒரு பெண் மகிழ்ச்சியாகச் சொன்னாள். பையன் பதறிப்போய் அணைத்தான். யாரும் அவனைத் திட்டவில்லை. நானும் திட்டவில்லை. திட்டுவதற்கு எனக்குத் தகுதியும் இல்லை.

காரணம், ஐந்து ஆண்டுகளாக என் சட்டைப் பையில் அதே போன்ற ஒரு கருவி இருந்தது. அம்மா சாப்பிடுவது, தூங்குவது, பிறந்த நாளுக்கு கேக் வெட்டுவது என்று நூற்றுக்கணக்கில் படம் எடுத்திருந்தேன். யார் யாரோ அனுப்பிய காலை வணக்கப் படங்கள் ஆயிரக்கணக்கில் இருந்தன. அம்மா பாடும் குரல் ஒரு நிமிடம்கூட இல்லை. கேட்டிருந்தால் பாடியிருப்பார். நான் கேட்கவில்லை. வள்ளுவர் கேள்விக்கு ஓர் அதிகாரமே ஒதுக்கியிருக்கிறார் என்று மேடைகளில் பேசியிருக்கிறேன். வீட்டில் இருந்ததைக் கேட்கத் தவறிவிட்டேன்.

பகாவ் பக்கத்தில்

அந்தக் குறை என்னை உறங்க விடவில்லை. அம்மாவுடன் ஒரே நிரையில் வேலை செய்த பெரியம்மா ஒருவர், பகாவ் பக்கத்தில் செம்பனைத் தோட்டத்தில் மகனோடு இருப்பதாகக் கேள்விப்பட்டேன். சென்ற ஆண்டு என் பேரனை அழைத்துக்கொண்டு போனேன். வந்த காரியத்தைச் சொன்னவுடன் பெரியம்மாவுக்குக் கோபம் வந்துவிட்டது. "ஏன்யா, சாவு விழாத வீட்டுல ஒப்பாரி பாடுவாங்களா? படிச்ச புள்ளைதானே நீ?" என்று கேட்டார். நான் தலைகுனிந்தேன். அதற்குப் பதில் தாலாட்டு இரண்டு பாடினார். பேரன் பதிவு செய்துகொண்டான்.

புறப்படும் நேரத்தில் அவரே கூப்பிட்டார். "வா, வெளியே போவோம்" என்று கைத்தடியை ஊன்றி, வீடுகளைத் தாண்டி, செம்பனை வரிசை தொடங்கும் இடம்வரை நடந்தார். தூரத்தில் வங்காளதேசத்துத் தொழிலாளர்கள் இருவர் தங்கள் கைத்தொலைபேசியில் வீட்டாரோடு முகம் பார்த்துப் பேசிக்கொண்டிருந்தார்கள். நமக்கு ஒரு காலத்தில் கடிதம் வர மாதக்கணக்கானது என்று நினைத்துக்கொண்டேன். பெரியம்மா ஒரு மரத்தடியில் நின்று பாடத் தொடங்கினார். நடுவில் நிறுத்தி, "டேய் தம்பி, ஓடுதா, நின்னுபோச்சா?" என்று பேரனைக் கேட்டார். "ஓடுது பாட்டி" என்றான். மறுபடி பாடினார். என் அம்மாவின் பெயரைச் சொல்லிப் பாடினார். அம்மா எத்தனையாவது நிரையில் மரம் வெட்டினார் என்பதைச் சொன்னார். வானொலியில் பெயர் வந்த கதைகூட வந்தது. இருபத்திரண்டு நிமிடம். அம்மாவுக்குச் சேர வேண்டிய ஒப்பாரி ஏழு ஆண்டு தாமதமாக அவருக்குச் சேர்ந்தது.

உலகத்துப் பாட்டெல்லாம் அந்தக் கண்ணாடிக்குள் இருக்கிறது. நம் வீட்டுப் பாட்டு, நாம் போட்டு வைத்தால்தான் அதில் இருக்கும். இதைத்தான் உங்களிடம் சொல்ல வந்தேன்.

மூன்று வேண்டுகோள்கள்

முதலாவது, இளைஞர்களுக்கு. இந்த மாதத்திற்குள் உங்கள் வீட்டில் வயதில் மூத்தவர் முன்னால் கைத்தொலைபேசியை வைத்துப் பேசச் சொல்லுங்கள், பாடச் சொல்லுங்கள். தாலாட்டு, கும்மி, காவடிப் பாட்டு, தோட்டத்துக் கதை எதுவானாலும் சரி. இறைவன் கொடுத்த நாட்களை நம்மால் நீட்டிக்க முடியாது.

இரண்டாவது, அறநிலையத்திற்கு. கைத்தொலைபேசி தண்ணீரில் விழும், திருடு போகும், பழுதாகும். 2021-ஆம் ஆண்டு முடிவில் 3ஜி அலை நிறுத்தப்பட்டபோது எத்தனையோ பழைய கருவிகள் அலமாரிக்குப் போயின. அவற்றோடு போன குரல்கள் எத்தனையோ. ஆகவே பதிவுகளின் பிரதியை அறநிலையம் வாங்கி, பெயர், தோட்டம், ஆண்டு எழுதி, இரண்டு இடங்களில் பாதுகாக்க வேண்டும். ஒப்பாரியைப் பொதுவில் வெளியிட வேண்டாம் என்று குடும்பத்தார் சொன்னால் அதையும் மதிக்க வேண்டும். முரசு நெடுமாறன் கவிதைகளைத் தொகுக்கப் பட்ட பாட்டை நினைத்தால் இது மிகவும் எளிய வேலை. அவர் மகன் தந்த எழுத்தும் நம் கையிலேயே இருக்கிறது.

மூன்றாவது, நம் எல்லாருக்கும். மூன்று மாதத்திற்கு ஒரு முறையாவது கோயில் திடலில் வெள்ளைத் துணியைக் கட்டி ஒரு படம் போடுவோம். நம் நாட்டுப் படங்களே இருக்கின்றன. ரப்பர் தோட்ட வாழ்க்கையைச் சொல்லும் 'செம்மண் சாலை' 2005-இல் வந்தது. தோட்டத்தை விட்டு வெளியேறிய குடும்பத்துச் சிறுவனின் கதையான 'ஜெகாட்' 2015-இல் வந்து, மறு ஆண்டு மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த படம் என்ற விருதைப் பெற்றது. உரிமை பெற்று அவற்றைக் காட்டலாம். நடுவே பத்து நிமிடம் நிறுத்தி, பழைய ரீல் இடைவேளை போல மக்களைப் பேசவிடலாம். திருவிழாவை வெளியூர்ப் பிள்ளைகளுக்குக் காட்ட இரண்டு பேரை நியமித்துவிட்டு, தீபாராதனை நேரத்தில் மற்றவர்கள் கைகளைக் கூப்புவதற்கு வைத்துக்கொள்ளலாம்.

பெரியம்மாவின் பதிவைப் பேரன் பத்திரமாக வைத்திருக்கிறான். போன மாதம் அவனாகவே வந்து, "தாத்தா, அடுத்த வாரம் மறுபடி பகாவ் போகலாமா? பாட்டி பாதியில விட்ட தாலாட்டு ஒண்ணு இருக்கு" என்று கேட்டான். போகிறோம். உங்களில் யாருக்காவது அந்தப் பக்கம் பாட்டுத் தெரிந்த பெரியவர்கள் இருந்தால் விழா முடிந்ததும் என்னிடம் சொல்லுங்கள். காரில் இரண்டு இடம் காலியாக இருக்கிறது.